பெஷமெல்: பச்சை வாசனை போகும் வரை

வெண்ணெய், மைதா, பால் சேர்த்துச் செய்யும் பிரெஞ்சு வெள்ளைச் சாஸான பெஷமெல்லை முதல்முறை செய்தபோது, பால் கெட்டியான அந்த நிமிடமே அடுப்பை அணைத்துவிட்டேன். பார்க்க வழவழவென்று, ஒரு கட்டிகூட இல்லாமல் இருந்தது. வேகவைத்த காலிஃப்ளவர் மேல் ஊற்றி, ஓவனில் வைத்து எடுத்து, வீட்டில் எல்லோருக்கும் பரிமாறினேன். வாயில் வைத்ததும் மைதாவின் பச்சை வாசனை. மேலே தூவியிருந்த நல்ல சீஸ்கூட அதை மறைக்கவில்லை. சாஸ் கெட்டியாகியிருந்தது, வெந்திருக்கவில்லை. கெட்டியாவது வேறு, வேகுவது வேறு என்று அன்றைக்கே யாராவது சொல்லியிருந்தால் ஒரு முழுக் காலிஃப்ளவர் தப்பித்திருக்கும்.

குழம்பு வைத்துப் பழகிய எவருக்கும் ‘பச்சை வாசனை போகும் வரை’ என்பது புதிய சொல் இல்லை. கெட்டியாகிவிட்டது என்பதற்காகக் குழம்பை யாரும் பாதியில் இறக்குவதில்லை. மசாலா வெந்துவிட்டதா என்று மூக்கு சொல்லும் வரை காத்திருக்கிறோம். பெஷமெல்லுக்கும் அதே மூக்குதான் வேண்டும். இந்தச் சாஸில் மைதாவின் பச்சை வாசனை இரண்டு இடங்களில் போக வேண்டும்: பால் ஊற்றும் முன் ஒருமுறை, பால் ஊற்றிக் கெட்டியான பின் இன்னொருமுறை. பல செய்முறைகளும் முதலாவதைச் சொல்லிவிட்டு இரண்டாவதை ஒரே வரியில் தாண்டிப் போய்விடுகின்றன.

பெயர்க் கதை சுருக்கமானது. பிரான்ஸின் 14-ஆம் லூயி மன்னரின் அரண்மனைப் பணிகளை மேற்பார்த்த லூயி தெ பெஷமெய் (1630–1703) என்ற செல்வந்தரின் பெயரைத்தான் இந்தச் சாஸ் தாங்கியிருக்கிறது. அவர் சமையல்காரர் இல்லை. பெரிய மனிதர்களின் பெயரைப் பதார்த்தங்களுக்குச் சூட்டுவது அந்தக் காலத்துப் பிரெஞ்சுச் சமையலறைகளின் வழக்கம். கொழுப்பில் மாவை வறுத்துச் சாறைக் கெட்டியாக்கும் முறை 1651-இல் வெளியான, லா வரேன் என்ற பிரெஞ்சுச் சமையல்காரரின் நூலிலேயே இருக்கிறது. 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கரேம் என்ற பிரெஞ்சுச் சமையல்காரர் தாய்ச் சாஸ்கள், அதாவது மற்றச் சாஸ்களுக்கு அடிப்படையானவை, என்று வகுத்த நான்கில் பெஷமெல்லும் ஒன்று. ஆனால் அவருடைய பெஷமெல், இறைச்சிச் சாற்றில் செய்த வெலூத்தே சாஸில் க்ரீம் சேர்த்தது. இன்று நாம் செய்யும் பால் சாஸுக்கு நெருக்கமானது 1903-இல் எஸ்கோஃபியே என்ற இன்னொரு பிரெஞ்சுச் சமையல்காரர் எழுதிவைத்த முறை. அதிலும் கொஞ்சம் கன்றிறைச்சி உண்டு. எனக்கு அதில் முக்கியமாகப் படுவது நேரம்: சாஸை ஒரு மணி நேரம் மெல்லக் கொதிக்கவிடச் சொல்கிறார். இன்றைய வீட்டுச் சமையலில் கன்றிறைச்சி போய்விட்டது, ஒரு மணி நேரமும் போய்விட்டது. நம் அளவுக்குப் பத்துப் பன்னிரண்டு நிமிடம் போதும். அந்தப் பத்து நிமிடத்தையும் விட்டுவிடக்கூடாது என்பதுதான் என் கட்சி.

என்னென்ன வேண்டும்

பால் அரை லிட்டர். வெண்ணெய் 40 கிராம். மைதா 40 கிராம். சின்ன வெங்காயம் என்றால் மூன்று, பெரிய வெங்காயம் என்றால் பாதி. ஒரு கிராம்பு. ஜாதிக்காய். வெள்ளை மிளகுத்தூள் கொஞ்சம். உப்பு அரை டீஸ்பூன். கிடைத்தால் லாரல் இலை பாதி.

வெண்ணெயும் மைதாவும் எடையில் சமம் என்பதை மட்டும் மனதில் வையுங்கள். கரண்டிக் கணக்கில் சமம் இல்லை. தலைதட்டிய ஒரு டேபிள்ஸ்பூன் மைதா சுமார் 8 கிராம்தான், அதே ஸ்பூன் வெண்ணெய் 14 கிராம் வரும். தராசு இல்லாதவர்கள் ஐந்து டேபிள்ஸ்பூன் மைதாவுக்கு மூன்று டேபிள்ஸ்பூன் வெண்ணெய் எடுத்தால் சரியாக இருக்கும்.

வெண்ணெய் உப்பில்லாததாக இருக்கட்டும். உப்புப் போட்ட பாக்கெட் வெண்ணெய்தான் கையில் இருக்கிறது என்றால் தனியாக உப்புச் சேர்க்காமல் கடைசியில் ருசி பார்த்துக்கொள்ளுங்கள். நெய்யிலும் சாஸ் கெட்டியாகும், ஆனால் நெய்யின் மணம் பாலை அமுக்கிவிடும். இது பாலின் ருசி முன்னால் நிற்க வேண்டிய சாஸ். அதனால் பாலும் கொழுப்பு எடுக்காத பாலாக இருப்பது நல்லது. ஏற்கெனவே காய்ச்சிய பால் என்றால் ஆடையை வடிகட்டி எடுத்துவிடுங்கள். இல்லாவிட்டால் பிறகு சாஸில் வெள்ளைத் துணுக்குகளாக மிதக்கும், கட்டி தட்டிவிட்டதோ என்று வீணாகப் பயப்பட வேண்டியிருக்கும்.

லாரல் இலை பற்றி ஒன்று. பிரெஞ்சுச் செய்முறைகளில் வரும் லாரல் இலை வேறு, நாம் பிரியாணியில் போடும் பிரிஞ்சி இலை வேறு. இரண்டும் வேறு வேறு மரங்கள். கையில் எடுத்துப் பார்த்தால் தெரிந்துவிடும்: பிரிஞ்சி இலையில் காம்பிலிருந்து நுனி வரை மூன்று நரம்புகள் நீளவாக்கில் ஓடும், லாரல் இலையில் நடுவில் ஒரே நரம்பு, அதிலிருந்து பக்கவாட்டில் கிளைகள். பிரிஞ்சி இலையில் பட்டையின் வாசம் இருப்பதால் இந்தச் சாஸுக்கு ஒட்டாது. லாரல் கிடைக்காவிட்டால் இலையே இல்லாமல் செய்யுங்கள்.

பாத்திரம் அடி கனமான எவர்சில்வர். அலுமினியம் வேண்டாம். கம்பிக் கரண்டியால் அலுமினியத்தைச் சுரண்டிக் கலக்கும்போது வெள்ளைச் சாஸ் சாம்பல் நிறத்துக்குப் போய்விடும். கலக்குவதற்கு முட்டை அடிக்கும் கம்பிக் கரண்டி, கடைகளில் விஸ்க் என்று கேட்டால் கொடுப்பார்கள். கூடவே தட்டையான மரக்கரண்டி ஒன்று. விஸ்க் வட்டமாக இருப்பதால் பாத்திரத்தின் அடி ஓரத்தில், சுவரும் அடியும் சேரும் மூலைக்கு, அது போகாது. கட்டிகள் ஒளிந்துகொள்வது அங்கேதான். மரக்கரண்டி அந்த இடத்துக்காக.

பாலுக்கு மணம் ஏற்றுதல்

வெங்காயத்தில் கிராம்பைக் குத்தி, இலையோடு பாலில் போட்டுச் சிறு தீயில் சூடாக்குங்கள். ஓரத்தில் சின்னச் சின்னக் குமிழ்கள் வந்ததும், பொங்குவதற்கு முன்பே அணைத்து, மூடி 15 நிமிடம் வையுங்கள். அப்புறம் வடிகட்டுங்கள். அவசரமான நாளில் இந்த வேலையை விட்டுவிடலாம், சாஸ் கெட்டுப்போகாது. ஆனால் சாஸை மட்டும் தனியாக வாயில் வைத்துப் பார்த்தால் வித்தியாசம் தெரியும். வெறும் பாலில் செய்தது கொஞ்சம் மொட்டையாக இருக்கும்.

ரூ என்னும் அடிப்படை

வெண்ணெயும் மாவும் சேர்ந்து வெந்த கலவைக்குப் பிரெஞ்சில் ரூ என்று பெயர். எவ்வளவு நேரம் வறுக்கிறோம் என்பதைப் பொறுத்து வெள்ளை, பொன்னிறம், பழுப்பு என்று பிரிப்பார்கள். பெஷமெல்லுக்கு வெள்ளை ரூ.

இது எதற்கு என்று தெரிந்துகொண்டால் செய்வது சுலபம். மாவை நேரே சூடான பாலில் கொட்டினால் மாவுருண்டையின் வெளிப்புறம் உடனே வெந்து பசையாகி, உள்ளே இருக்கும் உலர்ந்த மாவைப் பூட்டிவிடும். அதைத்தான் கட்டி தட்டிவிட்டது என்கிறோம். கூழ் காய்ச்சும்போது கேழ்வரகு மாவை முதலில் பச்சைத் தண்ணீரில் கரைத்துக்கொள்வதும் இதற்காகத்தான். பிரெஞ்சு முறையில் தண்ணீர் செய்யும் வேலையை வெண்ணெய் செய்கிறது. ஒவ்வொரு மாவுத் துகளையும் சுற்றிக் கொழுப்பு பூசி, ஒன்றோடொன்று ஒட்டாமல் பிரித்து வைக்கிறது. கூடுதலாக, மாவைக் கொழுப்பில் வறுக்கவும் முடிகிறது.

அடுப்பின் சின்ன பர்னரில், சிம்மில் வெண்ணெயை உருக்குங்கள். உருகியதும் சலசலவென்று நுரைக்கும். வெண்ணெயில் இருக்கும் தண்ணீர் வெளியேறும் சத்தம் அது. சத்தம் குறைந்து நுரை அடங்கத் தொடங்கும்போது, நிறம் மாறுவதற்கு முன்பு, மைதா முழுவதையும் ஒரேயடியாகப் போட்டு மரக்கரண்டியால் கிளறுங்கள்.

இனி இரண்டு மூன்று நிமிடம் பாத்திரத்தை விட்டு நகரக்கூடாது. முதலில் ஈர மணல் மாதிரி திரளும். அரை நிமிடத்தில் இளகிப் பசைபோல ஆகும். அப்புறம் பரப்பெங்கும் நுண்ணிய குமிழ்கள் எழும்பி, தேனடையைப் போலத் துளைதுளையாகத் தெரியும். அந்தக் கட்டத்தில் குனிந்து முகர்ந்து பாருங்கள். போட்டவுடன் அடித்த பச்சை மாவு வாசனை விலகி, பிஸ்கட் சுடும் இடத்தில் வருமே, அந்த லேசான மணம் வரும். நிறம் வெளிர் தந்தம்போல இருக்க வேண்டும். பொன்னிறம் தட்டத் தொடங்கிவிட்டால் தீ அதிகம் என்று பொருள். சாஸ் வீணாகாது, ஆனால் வெள்ளையாக வராது, கெட்டிப்படும் சக்தியும் கொஞ்சம் குறையும். மாவு எவ்வளவு வறுபடுகிறதோ அவ்வளவுக்குக் கெட்டியாக்கும் திறனை இழக்கும்.

இப்போது பாத்திரத்தை அடுப்பிலிருந்து இறக்கி ஒரு நிமிடம் ஆறவிடுங்கள். கொதிக்கும் ரூவில் பால் பட்டால் சீறித் தெறிக்கும், கை சுடும்.

பால் ஊற்றும் கணக்கு

சூடான பாலா, குளிர்ந்த பாலா என்று நீண்ட வாதம் உண்டு. இரண்டிலும் நல்ல சாஸ் வரும். கொதிக்கும் ரூவும் கொதிக்கும் பாலும் ஒரேயடியாகச் சேருவதுதான் ஆபத்து. நான் வெதுவெதுப்பான பாலைப் பயன்படுத்துகிறேன். குளிர்ந்த பால் ஊற்றினால் ரூவில் இருக்கும் வெண்ணெய் உறைந்து கலக்கக் கஷ்டமாக இருக்கும், திரும்பச் சூடேறவும் நேரம் எடுக்கும். புதிதாகச் செய்பவருக்கு அந்த இடைவெளியில்தான் பதற்றம் வருகிறது.

முதலில் அரைக் கரண்டி பால் மட்டும் ஊற்றி விஸ்க்கால் கலக்குங்கள். ரூ இறுகி, பிசைந்த மாவைப் போலத் திரண்டு விஸ்க்கின் கம்பிகளுக்குள் புகுந்துகொள்ளும். கெட்டுவிட்டது என்று தோன்றும். கெடவில்லை, அது அப்படித்தான் ஆக வேண்டும். இன்னொரு அரைக் கரண்டி. மாவு தளர்ந்து, பிசுபிசுவென்று இழுபடும். மூன்றாவது முறை ஊற்றிக் கலக்கியதும் கெட்டியான தோசை மாவுப் பதத்துக்கு வந்து பளபளக்கும். ஒவ்வொரு முறையும் முன்பு ஊற்றிய பால் முழுக்க உள்ளே போய் மேற்பரப்பு மழமழவென்று ஆன பிறகே அடுத்ததை ஊற்றுங்கள். கட்டி தட்டுவதெல்லாம் இந்த முதல் மூன்று கரண்டிகளில்தான். கலவை தோசை மாவாக ஆனபின் மிச்சப் பாலை மெல்லிய தாரையாக ஊற்றிக்கொண்டே கலக்கலாம், இனிப் பயமில்லை.

மரக்கரண்டியால் ஒருமுறை அடி ஓரத்தைச் சுற்றி வழித்துவிட்டுப் பாத்திரத்தைத் திரும்ப அடுப்பில் ஏற்றுங்கள். தீ மிதமாக இருக்கட்டும்.

கெட்டியான பிறகு

கோதுமை மாவின் ஸ்டார்ச் 60 டிகிரி செல்சியஸைத் தாண்டும்போது பாலை உறிஞ்சி உப்பத் தொடங்கும். முழுக் கெட்டி வருவது கொதிநிலையை நெருங்கும்போது. அதனால் ஐந்து நிமிடம் வரை சாஸ் தண்ணீராகவே இருப்பதுபோலத் தோன்றும், பிறகு சட்டென்று விஸ்க்கில் ஒரு கனம் தெரியும். தண்ணியாக இருக்கிறதே என்று நடுவில் மாவு சேர்த்துவிடாதீர்கள். நடுவில் முதல் ‘பளக்’ என்ற குமிழ் வெடித்ததும் தீயைச் சிம்முக்குக் குறையுங்கள்.

இங்கேதான் பலர் அணைத்துவிடுகிறார்கள். நீங்கள் இப்போது ஒரு துளி எடுத்து நாக்கில் வைத்துப் பாருங்கள், கட்டாயம் பாருங்கள். வழவழப்பு இருக்கும். ஆனால் நாக்கின் நடுவில் ஒரு மாவுத்தன்மை, சுவரொட்டிப் பசையை நினைவுபடுத்தும் ஒரு வாசம் இருக்கும். இது அடையாளமாக மனதில் நிற்கட்டும்.

இனிப் பத்துப் பன்னிரண்டு நிமிடம், மிகச் சிறு தீயில், அங்கொன்றும் இங்கொன்றுமாகக் குமிழ் வரும்படி வேக வேண்டும். நிறுத்தாமல் கலக்கத் தேவையில்லை. அரை நிமிடத்துக்கு ஒருமுறை மரக்கரண்டியால் அடியை எட்டு வடிவில் வழித்துவிட்டால் போதும். பாலும் மாவும் சேர்ந்தது என்பதால் கவனம் தப்பினால் அடி பிடிக்கும். தீ குறையவே மாட்டேன் என்கிற அடுப்பு என்றால் பர்னர் மேல் ஒரு தோசைக்கல்லை வைத்து, அதன்மேல் பாத்திரத்தை வையுங்கள்.

ஐந்தாவது நிமிடத்தில் ஒருமுறை, பத்தாவது நிமிடத்தில் ஒருமுறை ருசி பாருங்கள். ஐந்தாவதில் பசை வாசம் மங்கியிருக்கும். பத்தாவதில் அது இருந்த இடமே தெரியாது. பாலின் இனிப்பு முன்னால் வரும், நாக்கில் படும் சாஸ் க்ரீம்போலக் கரைந்து போகும். சாஸின் தோற்றமும் மாறும். முதலில் சுண்ணாம்பு பூசியதுபோல மந்தமாக இருந்தது, இப்போது லேசாக ஒளி விடும். மரக்கரண்டியின் பின்புறத்தைச் சாஸில் தோய்த்து எடுத்து, விரலால் குறுக்கே ஒரு கோடு இழுங்கள். கோட்டின் இரு கரைகளும் வழியாமல் நின்றால் பதம் சரி.

அணைத்த பிறகு உப்பும் வெள்ளை மிளகும். கறுப்பு மிளகு ருசியில் குறையில்லை, வெள்ளைச் சாஸில் புள்ளி புள்ளியாகத் தெரியும் என்பதால் தவிர்க்கிறார்கள். ஜாதிக்காயை முழுதாக வாங்கி, சன்னமான துருவியில் மூன்று நான்கு இழுப்பு இழுத்தால் போதும். சாப்பிடுபவர் இது ஜாதிக்காய் என்று கண்டுபிடித்துவிட்டால் கொஞ்சம் கூடிவிட்டது என்று அர்த்தம். தூளாக விற்பதில் மணம் பெரும்பாலும் பறந்துபோயிருக்கும்.

உடனே பயன்படுத்தவில்லை என்றால் சாஸ் மேல் ஆடை படியும். ஒரு துண்டு வெண்ணெயை எடுத்துச் சூடான பரப்பெங்கும் தேய்த்துவிட்டால் மெல்லிய கொழுப்புப் படலம் ஆடையைத் தடுக்கும். பிரெஞ்சுச் சமையல்காரர்கள் வழக்கமாகச் செய்வது இது.

தளர்வாக, கெட்டியாக

மேலே சொன்ன 40 கிராம் கணக்கு நடுத்தரப் பதம். லசான்யா அடுக்குகளுக்கும் காய்கறி கிராத்தானுக்கும் (சாஸ் ஊற்றி, மேலே பழுப்பாகும் வரை ஓவனில் சுடுவது) இது பொருந்தும். சூப்புக்கு அடிப்படையாக வேண்டுமானால் அதே அரை லிட்டர் பாலுக்கு வெண்ணெயும் மைதாவும் 25 கிராம் வீதம். பொரித்தெடுக்கும் க்ரோக்கெட் உருண்டைகள் பிடிக்கவும், முட்டை நுரையில் உப்பி வரும் சூஃப்லேவுக்கும் 60 கிராம் வீதம். சாஸ் ஆற ஆற இன்னும் இறுகும் என்பதால் அடுப்பில் இருக்கும்போது நீங்கள் விரும்புவதைவிட ஒரு மாற்றுத் தளர்வாகவே இறக்குங்கள்.

உருளைக்கிழங்கு கிராத்தான் தோஃபினுவா செய்ய இந்தச் சாஸைத் தேடுகிறவர்கள் உண்டு. அதற்குப் பெஷமெல் தேவையே இல்லை, கிழங்கின் சொந்த மாவுச்சத்தே பாலையும் க்ரீமையும் கெட்டியாக்கிவிடும்.

தவறினால்

கட்டி தட்டிவிட்டதா? அடுப்பிலிருந்து இறக்கி விஸ்க்கால் பலமாக அடியுங்கள். போகவில்லை என்றால் சன்னக் கண் வடிகட்டியில் ஊற்றி, கரண்டியால் அழுத்தித் தேய்த்து எடுங்கள். மிக்ஸியில் அடிப்பதானால் கொஞ்சம் ஆறவிட்டு, பாதி ஜாருக்கு மேல் ஊற்றாமல் அடியுங்கள். கொதிக்கும் சாஸை மூடிய ஜாரில் ஓட்டினால் ஆவி மூடியைத் தள்ளிக்கொண்டு வெளியே வரும்.

இறுகிவிட்டால் சூடான பால், ஒரு ஸ்பூன் ஒரு ஸ்பூனாக. கடைசி வரை தண்ணியாகவே இருந்தால் மைதாவை மட்டும் தூவாதீர்கள். ஒரு டீஸ்பூன் மெத்தென்ற வெண்ணெயில் இரண்டு டீஸ்பூன் மைதாவைப் பிசைந்து, அந்த உருண்டையைச் சிறுசிறு துண்டுகளாகக் கொதிக்கும் சாஸில் போட்டுக் கலக்குங்கள். பிறகு பச்சை வாசனை போக இன்னும் ஐந்து நிமிடம் வேகட்டும்.

அடி பிடித்த வாசனை வந்தால் சுரண்டவே கூடாது. உடனே மேலாக இருக்கும் சாஸை வேறு பாத்திரத்தில் சாய்த்துவிடுங்கள். ருசி பார்த்து, தீய்ந்த வாசம் அதிலும் ஏறியிருந்தால் மறுபடி முதலிலிருந்துதான்.

மிச்சம் இருந்தால் மேற்பரப்பைத் தொட்டபடி உறையால் மூடி ஃப்ரிட்ஜில் இரண்டு மூன்று நாள் வைக்கலாம். அல்வாவைப் போல இறுகியிருக்கும். கொஞ்சம் பால் விட்டுச் சிறு தீயில் விஸ்க்கால் கலக்கினால் பழைய பதத்துக்கு வந்துவிடும்.

காலிஃப்ளவர் கிராத்தான்

சாஸ் கைக்கு வந்ததும் முதலில் செய்யவேண்டியது இதுதான் என்பேன். பெஷமெல் சூடாக இருக்கும்போதே அடுப்பை அணைத்துவிட்டு 80 கிராம் துருவிய சீஸைக் கலந்தால் அது மோர்னே சாஸ். பிரெஞ்சு வீடுகளில் க்ரூயேர் அல்லது எம்மென்டால் போடுவார்கள். கிடைக்காவிட்டால் செடார் போடலாம். சீஸைப் போட்ட பிறகு கொதிக்கவிட்டால் நூல் நூலாக இழுபட்டு எண்ணெய் பிரியும்.

நடுத்தரக் காலிஃப்ளவர் ஒன்றைப் பூப்பூவாகப் பிரித்து, உப்புப் போட்ட கொதிநீரில் ஆறு ஏழு நிமிடம் வேகவையுங்கள். வடிதட்டில் கொட்டிப் பத்து நிமிடம் அப்படியே வையுங்கள். ஆவி முழுக்கப் போக வேண்டும், பூக்களுக்குள் தங்கும் தண்ணீர்தான் நல்ல சாஸை ஓவனுக்குள் நீர்த்துப்போக வைக்கிறது. வெண்ணெய் தடவிய தட்டில் பூக்களை அடுக்கி, சாஸை ஊற்றி, மேலே இன்னொரு பிடி சீஸ் தூவி, 200 டிகிரியில் சுமார் 20 நிமிடம், மேலே பழுப்புத் திட்டுகள் வரும் வரை.

எடுத்ததும் பத்து நிமிடம் தொடாமல் விடுங்கள். உள்ளே கொதித்துக்கொண்டிருக்கும் சாஸ் அடங்கிப் பூக்களைப் பிடித்துக்கொள்ளும். தட்டின் ஓரத்தில் ஒட்டி மொறுமொறுவென்று ஆகியிருக்கும் பகுதிக்கு எங்கள் வீட்டில் போட்டி உண்டு. அதை முதலில் சுரண்டி எல்லோருக்கும் பங்கு வைத்துவிட்டுத்தான் மற்றதைப் பரிமாறுகிறேன்.